நிலாக்கீரியைப் பிடித்தவர்

பிப்ரவரி 4
அணைக்கட்டு, மதகு அறை

பல்செட்டுகளின் பேரரசியே, என் அக்கா பெற்ற ஒரே ரத்தினமே,

உன் கடிதம் வெள்ளிக்கிழமை பஸ்ஸில் வந்து சேர்ந்தது. நாலு முறை படித்தேன். நாற்பது என்று எழுதத்தான் கை ஓடுகிறது, பிடித்து நிறுத்தியிருக்கிறேன். ஏன் போன் எடுப்பதில்லை என்று கேட்டிருக்கிறாய். இந்த மலையில் போன் பேச வேண்டுமென்றால் தண்ணீர்த் தொட்டியின் மேல் ஏறி, ஒற்றைக் காலில் நின்று, செத்துப்போன பாட்டன்மாரையெல்லாம் வரிசையாக வேண்டிக்கொள்ள வேண்டும். அப்புறம் அரை நிமிஷம் சத்தம் கேட்கும். அதுவும் யாரோ ஒருவர் வீட்டுச் சண்டையாக இருக்கும். ஆகவே மதகுகளின் மன்னனாகிய நான் பேனாவோடு மட்டுமே உறவு வைத்திருக்கிறேன்.

விஷயத்துக்கு வருகிறேன். உன் அப்பா, அதாவது என் மச்சான், குளிர்சாதன லாரி ஓட்டியவர், உனக்கு எட்டு வயசாக இருக்கும்போது 'அடுத்த வாரம் வரேன்' என்று கிளம்பி இருபத்திரண்டு வருஷமாக அந்த வாரத்தைத் தேடிக்கொண்டிருப்பவர், குளியலறையில் வழுக்கி இடுப்பெலும்பை முறித்துக்கொண்டார். ஆஸ்பத்திரியில் உன் விலாசத்தைக் கொடுத்தார். இந்த மாதம் இருபத்தெட்டாம் தேதி உன் வீட்டுக்கு வந்து, நிரந்தரமாகத் தங்கப் போகிறார். நீயும் சரியென்று தலையாட்டிவிட்டாய். மருமகளே, வெள்ளம் பாய்ந்து ஊரே மூழ்கும் என்று தெரிந்தும் எவனாவது ஆறு மதகையும் ஒரே நேரத்தில் திறப்பானா? ஸ்டெப்னி டயர்கூட வண்டி பஞ்சரானால் பக்கத்தில் இருக்கும். இவர் அந்த வகையிலும் சேர்த்தி இல்லை. கொஞ்சம் ஆறப்போடு.

இரண்டாவது விஷயம், கீரி. உன் கடிதத்தைப் படித்துவிட்டு நான் பெருமூச்சு விட்டதைப் பார்த்து எங்கள் ஓவர்சியர், 'வீட்டுல யாருக்கு உடம்பு சரியில்லை?' என்று கேட்டார். ஒரு கீரிக்கு என்றேன். பிறகு அவருக்கு எல்லாவற்றையும் விளக்க வேண்டியதாயிற்று. ஒரு கேம். டப்பாவில் இருந்த பெயர் யார் வாயிலும் நுழையாததால் எங்கள் வீட்டில் அதற்குத் 'தீவு' என்று பெயர். தீவில் இருநூறு பிராணிகள், அலைந்து திரிந்து பிடிக்க வேண்டும். இருநூற்றொன்றாவதாக ஒன்று உண்டு, நிலாக்கீரி. அது எந்தப் புதரிலும் கிடையாது. கம்பெனிக்காரன் ஒரே ஒரு ஞாயிற்றுக்கிழமை, ஏதோ சில பெரிய கடைகளில், வரிசையில் நின்றவர்களுக்கு மட்டும் மிஷினில் ஏற்றிக் கொடுத்தான். தீவு இதுவரை ஒன்பது பாகம் வந்துவிட்டது. ஒவ்வொரு பாகம் வரும்போதும் பழைய பிராணிகளைப் புதுத் தீவுக்குக் கூட்டிப் போகலாம். எங்கள் வீட்டுப் பெண் ஒன்பது வயசில் கிடைத்த கீரியை எட்டு பாகம் தாண்டி இடுப்பில் தூக்கி வந்திருக்கிறாள் என்றேன். 'எம்பொண்ணு ஒரு டிபன் பாக்ஸை ஒரு வருஷம் தாண்டிக் கொண்டு வந்ததில்லை' என்றார் ஓவர்சியர்.

ஒன்பதாம் பாகத்தின் வாசலில் நானூற்றுப் பன்னிரண்டு பிராணிகளையும் உள்ளே விட்டுவிட்டு, கீரியை மட்டும் தடுத்து, 'இதன் பூர்வீகம் சரிபார்க்கப்படவில்லை' என்று திருப்பி அனுப்பினான் என்று எழுதியிருக்கிறாய். அது உன் கணக்கில் இருக்கும் வரை கடைசித் தீவின் கதவும் திறக்காதாம். அந்தக் கதவுக்குப் பின்னால்தான் எட்டு பாகமும் ஆடி முடித்தவர்களுக்கு நிஜ நிலாக்கீரி காத்திருக்கிறதாம். இதெல்லாம் ஈரத்தால் வருவது. பழைய கேசட்டுக்குள் பேட்டரி கசிந்திருக்கும், ஒரு எழுத்து அழிந்திருக்கும். இருபது வருஷம் கேம் மிஷின் ரிப்பேர் பார்த்தவன் சொல்கிறேன், நோண்டாதே. நோண்டினால்

(இந்த இடத்தில் மை கொட்டிவிட்டது.)

உடம்பைப் பார்த்துக்கொள்.

மாமா


பிப்ரவரி 11

மாமாவுக்கு,

மை கொட்டவில்லை. கடிதத்தை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன். எழுதிவிட்டு அடித்திருக்கிறீர்கள். நாள் முழுக்க அரை மில்லிமீட்டர் மேடு பள்ளத்தைத் தேய்த்துச் சரிசெய்கிறவளிடம் இந்த வேலை பலிக்குமா?

அப்பா விஷயத்தில் ஆறப்போட நேரமில்லை. இருபத்தெட்டாம் தேதி டிஸ்சார்ஜ். மூன்று மாதம் வீட்டில் கூடவே ஆள் இருக்க வேண்டும் என்று டாக்டர் சொல்லிவிட்டார். லேபில் பேசி, பல் அச்சு வேலையை வீட்டுக்கே கொண்டுவர ஏற்பாடு செய்துவிட்டேன். முன்னறையில் குடியிருக்கும் நர்ஸக்கா இருபத்தைந்தாம் தேதி காலி செய்கிறார். ஆறு வருஷம் என்னோடு இருந்தவர். அம்மாவுக்குக் கடைசி மூன்று மாதமும் முதுகு தேய்த்துக் குளிப்பாட்டியவர். அவரிடம் அறை வேண்டுமென்று கேட்க எனக்கு எவ்வளவு நாக்கு கூசியது என்று உங்களுக்குத் தெரியாது. 'உங்கப்பாதானே, வரட்டும்' என்று சொல்லிவிட்டு அன்றைக்கே பெட்டியை இறக்கிவிட்டார். அதற்கப்புறம் என் கண்ணைப் பார்த்துப் பேசவில்லை.

அப்பா எப்படிப்பட்டவர் என்று எனக்குத் தெரியாது என்றா நினைக்கிறீர்கள்? ஒரு பள்ளிக்கூட விழாவுக்கும் வந்ததில்லை, ஒரு காய்ச்சலுக்கும் வந்ததில்லை. ஆனால் மாமா, ஒன்று செய்தார். என் ஒன்பதாவது பிறந்தநாளுக்கு, எங்கோ ஒரு பெரிய ஊரில், லாரியை ஓரங்கட்டிவிட்டு, ஒரு கேம் கடை வாசலில் பதினொரு மணி நேரம் வரிசையில் நின்று, கீரியை வாங்கி, வழியெல்லாம் வளர்த்து, உங்கள் கையில் சேர்ப்பித்தார். நீங்கள்தான் கொண்டுவந்து கொடுத்தீர்கள். 'பிடித்தவர்: அப்பா' என்று அதில் இருப்பதைக் காட்டினீர்கள். எனக்காகப் பதினொரு மணி நேரம் நின்ற மனுஷனுக்கு நான் மூன்று மாதம் கூட நிற்கக்கூடாதா?

தானம் கொடுத்த மாட்டைப் பல்லைப் பிடித்துப் பார்க்கக்கூடாது என்பார்கள். பல்லைப் பார்ப்பதே தொழிலாக இருக்கிற நான் இந்த ஒன்றை மட்டும் பார்த்ததில்லை. இப்போது கம்பெனிக்கு எழுதிக் கேட்டேன். பதில் வந்தது. அந்தக் கீரிகள் எல்லாம் லெவல் ஐந்தில்தான் கொடுக்கப்பட்டனவாம். என்னுடையதோ கிடைத்த நாளிலேயே லெவல் நூறு. அவர்கள் கொடுத்தது அந்த வருஷம் நவம்பரில். என்னுடையதில் இருக்கும் தேதி செப்டம்பர் 9, என் பிறந்தநாள். பிறப்பதற்கு இரண்டு மாதம் முன்னாலேயே வயசுக்கு வந்துவிட்ட கீரி.

எனக்குப் புரிந்துவிட்டது. பாவம், அப்பாவை எவனோ ஏமாற்றியிருக்கிறான். ஒன்றும் தெரியாத டிரைவர்தானே என்று போலியைத் தலையில் கட்டியிருக்கிறான். அந்த ஆளை நினைத்தால் ரத்தம் கொதிக்கிறது. அது எந்தக் கடை என்று அப்பா உங்களிடம் சொன்னாரா? புதன்கிழமை வார்டுக்குப் போகிறேன். அவரிடமும் கேட்பேன்.

உங்கள் அக்கா மகள்


பிப்ரவரி 14

நியாயத் தராசே, நீதியின் நாக்கே,

கேட்டாய் அல்லவா, கேள். அது ஒரு மூன்று மாடிக் கடை. ஓனருக்கு ஒரு கண் மாடியைப் பார்க்கும், மறு கண் கல்லாவைப் பார்க்கும். வாசலில் வரிசை ஏழு தெருவைச் சுற்றி, ரயில்வே கேட்டைத் தாண்டி, திரும்பக் கடைக்கே வந்து தன் வாலைத் தானே பிடித்துக்கொண்டிருந்தது. கடைசியில் நிற்கிறவனுக்கு, முதலில் நிற்பது தானோ என்றே சந்தேகம். மழை வேறு. ஒவ்வொரு துளியும் எலுமிச்சம்பழம் அளவு. உன் அப்பா ஒரு தார்ப்பாயைப் போர்த்திக்கொண்டு நின்றாராம். அந்த ஓனர் நவம்பரில் வரவேண்டிய சரக்கைச் செப்டம்பரிலேயே பின்வாசல் வழியாகக் கொண்டுவந்து விற்ற பலே ஆசாமி. பிற்பாடு போலீஸில் மாட்டினான், கடையை மூடினான், கப்பலேறி ஓடினான் என்று கேள்வி. ஆகவே அவனைத் தேடிப் பிரயோஜனம் இல்லை.

அப்பாவிடம் மட்டும் கேட்காதே. இடுப்பு உடைந்தவரிடம் பழைய கதையைக் கிளறினால் எலும்பு ஒட்டாது என்று வைத்தியத்தில் இருக்கிறது. எந்த வைத்தியம் என்று கேட்காதே.

இன்னொன்று. நர்ஸக்காவை ஒரு மாதம் பொறுக்கச் சொல்லேன். பெட்டியை இறக்கினால் ஏற்றக்கூடாதா என்ன? இந்த வாரம் நீர்மட்டம் ஏறிக்கொண்டே இருக்கிறது. மணிக்கொரு தடவை அளவு குறிக்க வேண்டும். இல்லாவிட்டால் நானே கிளம்பி வந்திருப்பேன். வந்து என்ன சொல்லியிருப்பேன் என்று எனக்கே தெரியவில்லை, அது வேறு.

மாமா


பிப்ரவரி 18

மாமா,

உங்கள் கடிதம் வருவதற்கு முன்னாலேயே வார்டுக்குப் போய்வந்துவிட்டேன்.

ஜன்னலோரக் கட்டில். என்னைப் பார்த்ததும் எழ முயன்றார். எழவேண்டாம் என்று சொல்லிவிட்டு, ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்து, முதலில் நன்றி சொன்னேன். இருபத்தொரு வருஷமாகச் சொல்ல நினைத்ததை மனப்பாடம் செய்துகொண்டு போயிருந்தேன். வரிசையைச் சொன்னேன், பதினொரு மணி நேரத்தைச் சொன்னேன், கீரியைச் சொன்னேன். அதை இன்னும் வைத்திருக்கிறேன் என்று சொன்னேன். அவர் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு சொன்னார்:

'ஆமாம்மா. கால் கடுக்க நின்னேன். வாங்கிட்டு வந்து உங்கையில குடுத்தப்போ நீ துள்ளிக் குதிச்சியே, மறக்க முடியுமா?'

அந்த வருஷம் அவர் வீட்டுப் படியை மிதிக்கவில்லை. என் கையில் கொடுத்தது நீங்கள்.

எந்த ஊர் என்று கேட்டேன். பெரிய ஊர் என்றார். மழை பெய்ததா என்று கேட்டேன். நீ சொல்லும்மா என்றார். நான் கொடுத்த வார்த்தைகளைத் தவிர அவரிடம் ஒரு வார்த்தையும் சொந்தமாக இல்லை. வீட்டுக்கு வந்து பார்த்தால் உங்கள் கடிதம், எலுமிச்சம்பழ மழையும் மாறுகண்ணும் கப்பலுமாக.

வழியில் பஸ்ஸில் வரும்போது, உங்கள் இருவரில் யாராவது ஒருவர்தான் பொய் சொல்ல முடியும் என்று நினைத்துக்கொண்டு வந்தேன். அந்தக் கணக்கும் தப்பு. கெட்டிக்காரன் புளுகு எட்டு நாளைக்கு என்பார்கள். இது இருபத்தொரு வருஷம் ஓடியிருக்கிறது. யாருடைய கெட்டிக்காரத்தனம் என்று எனக்குத் தெரிய வேண்டும்.

ஒரே ஒரு பக்கம் எழுதுங்கள். உவமை கூடாது. எதையும் பெருக்கக்கூடாது. பட்டப்பெயர் வைத்து என்னைக் கூப்பிடக்கூடாது. சிரிக்க வைத்தால் மிச்சத்தைப் படிக்க மாட்டேன். நர்ஸக்கா இருபத்தைந்தாம் தேதி காலையில் போகிறார். அதற்குள் எனக்கு வேண்டும்.


பிப்ரவரி 21

உனக்கு,

கீரியைச் செய்தது நான்.

உன் ஒன்பதாவது பிறந்தநாளன்று அப்பா வருவதாகச் சொல்லியிருந்தார். நீ காலையிலிருந்து ஜன்னலில் நின்றாய். நான் என் ரிப்பேர் கடையிலிருந்து லாரி ஆபீஸுக்குப் போன் செய்தேன். ஆறு தடவை. (ஆயிரம் என்று எழுதி அடித்தேன்.) ஆறாவது தடவை அவர் கிடைத்தார். இன்றைக்கு அவளுக்குப் பிறந்தநாள் என்று சொன்னேன். 'அப்படியா, எத்தனை முடியுது?' என்று கேட்டார். ஒன்பது என்றேன். 'நல்லா இருக்கட்டும், லோடு நிக்குது' என்று வைத்துவிட்டார்.

அப்போது பையன்கள் ரிப்பேருக்குக் கொடுத்த திருட்டு கேசட் ஒன்று கடையில் இருந்தது. அதை மிஷினுக்கும் கேசட்டுக்கும் நடுவில் செருகினால், எண்ணைப் போட்டு எந்தப் பிராணியையும் வரவழைக்கலாம். நிலாக்கீரியின் எண் அந்தக் காலத்தில் எல்லாப் பையன்களுக்கும் தெரியும், உனக்குத்தான் சொல்லித்தர ஆளில்லை. லெவல் கேட்டது. நூறு போட்டேன். ஐந்து போட்டிருந்தால் இன்னும் கொஞ்ச காலம் தப்பித்திருப்பேன். குறைத்துக் கொடுக்க எனக்குத் தெரியாது. தேதி கேட்டது. அன்றைய தேதியைப் போட்டேன். பிடித்தவர் பெயர் கேட்டது. மச்சான் பெயரில் இரண்டு எழுத்து அடித்தேன். அதற்கு மேல் விரல் போகவில்லை. அழித்துவிட்டு 'அப்பா' என்று போட்டேன். யாருமே தன்னை அப்பா என்று பதிந்துகொள்ள மாட்டார்கள் என்பது அப்போது தோன்றவில்லை.

வரிசை, பதினொரு மணி நேரம், லாரியை ஓரங்கட்டியது, இதெல்லாம் நீ கதவைத் திறந்தபோது வாயில் வந்தது. யாரும் எங்கும் நிற்கவில்லை.

உன் அம்மாவுக்கு அன்றைக்கே தெரிந்துவிட்டது. நீ தூங்கிய பிறகு அக்கா என்னிடம் சொன்னாள்: 'அவளுக்கு நீ ஒரு அப்பனை செஞ்சு குடுத்துட்டே. நாளைக்கு இவ அந்த ஆளைத் தேடிப் போனா நீதான் வந்து பதில் சொல்லணும்.' எட்டு மாதம் என்னோடு பேசவில்லை. உனக்குப் பதினைந்து வயசானபோது உண்மையைச் சொல்லிவிடுகிறேன் என்று அக்காவிடம் கேட்டேன். 'வேணாம். அதை வெச்சுத்தான் அவ நிமிர்ந்து நடக்கறா' என்றாள். நான் அதைச் சாக்காக வைத்துக்கொண்டேன்.

முந்தின கடிதத்தில் எழுதிய கடையும் ஓனரும் என் கற்பனை. நீ அப்பா மேல் பரிதாபப்பட்டது எனக்குப் பொறுக்கவில்லை. உண்மையைச் சொல்லவும் தைரியமில்லை.

மச்சானைச் சேர்த்துக்கொள்ள வேண்டாம் என்று நான் சொல்ல மாட்டேன். அந்த உரிமை எனக்கு இல்லை. அவர் வரிசையில் நின்றார் என்பதற்காகச் சேர்க்காதே. அவ்வளவுதான்.

பக்கம் முடிந்தது.

மாமா


மார்ச் 1

மாமா,

உங்கள் கடிதம் இருபத்து நாலாம் தேதி வந்தது. ஒரே பக்கம்தான், விடிய விடியப் படித்தேன்.

அம்மா கடைசியாக ஆஸ்பத்திரிக்குப் போவதற்கு முந்தின வாரம் எங்களுக்குள் ஒரு சண்டை. காரணம் அற்பம், கஞ்சியில் உப்பு கூடிவிட்டது. பேச்சு எப்படியோ அப்பாவிடம் போய் நின்றது. நான் சொன்னேன், 'நீ கொஞ்சம் அனுசரிச்சிருந்தா அவர் போயிருக்க மாட்டார். எனக்காகப் பதினொரு மணி நேரம் நின்னவர் அவர். நீ எனக்காக எங்கே நின்னே?'

சலவைக்கூடத்தில் இஸ்திரி மேஜைக்கு முன்னால் பத்தொன்பது வருஷம் நின்றவரிடம் கேட்டேன். காலில் நரம்பு சுருண்டு கருத்துப்போய்ப் படுத்திருந்தவரிடம். அம்மா சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டார். நர்ஸக்கா கதவோரம் நின்று கேட்டுக்கொண்டிருந்தார். நான் சொன்னது பொய் என்று அந்த நிமிஷம் அம்மாவுக்குத் தெரியும். ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் ஜெயித்திருப்பார்.

நீங்கள் எனக்கு அப்பாவைக் கொடுத்ததை ஒருவேளை ஒருநாள் மன்னிப்பேன். அம்மாவை அப்படிச் சுவரைப் பார்க்க வைத்தீர்களே, அதை மன்னிக்க எனக்கு வழி தெரியவில்லை. சொன்னது என் வாய்தான். அதுவும் தெரிகிறது. அதனால்தான் வழி தெரியவில்லை.

நடந்தவற்றைச் சொல்லிவிடுகிறேன். இருபத்தைந்தாம் தேதி காலையில் நர்ஸக்காவின் பெட்டிகளை நானே மாடிக்குத் தூக்கி வந்தேன். ஏன் என்று அவர் கேட்கவில்லை. 'அந்தப் பக்கம் புடிச்சுக்கோ' என்று மட்டும் சொன்னார். மத்தியானம் இருவரும் வார்டுக்குப் போனோம். ஆஸ்பத்திரிக்குப் பக்கத்திலேயே எலும்பு முறிந்தவர்களை நடக்கப் பழக்கும் இல்லம் ஒன்று இருக்கிறது. நர்ஸக்கா பேசி இடம் வாங்கிக் கொடுத்தார். நான் அப்பாவிடம், நீங்கள் வரிசையில் நிற்கவில்லை என்று எனக்குத் தெரியும் என்றேன். வீட்டுக்கு இல்லை, இல்லத்துக்குத்தான் போகிறீர்கள் என்றேன். அவர் போர்வையை இழுத்து மடித்து மடித்து வைத்துக்கொண்டிருந்தார். தண்ணீர் கேட்டார், கொடுத்தேன். கோபித்துக்கொள்வார் என்று எதிர்பார்த்தேன். அதுவும் இல்லை.

அன்று மாலை தீவைத் திறந்தேன். கீரியை விடுவிக்கவா என்று மூன்று முறை கேட்டது. மூன்று முறையும் ஆமாம் என்றேன். பெயர்ப்பலகையில் 'அப்பா' என்ற எழுத்து அணைந்தது. கடைசித் தீவின் கதவு திறந்தது. ஒரு குளம், நடுவில் ஒரு பாறை, அதன் மேல் நிஜ நிலாக்கீரி. லெவல் ஐந்து. ஒரு அடி வைத்தால் விழுந்துவிடும் போல இருந்தது. எந்தச் சண்டையும் இல்லாமல் வந்துவிட்டது. பிடித்தவர் என்ற இடத்தில் என் பெயர். இதற்காக இருபத்தொரு வருஷம். சந்தோஷம் வரும் என்று காத்துக்கொண்டிருந்தேன். நர்ஸக்கா வந்து பார்த்துவிட்டு, 'இதுதானா அது? எலிக்குட்டி மாதிரி இருக்கு' என்று சொல்லிவிட்டுப் போனார்.

ஞாயிற்றுக்கிழமைகளில் நான் இல்லத்துக்குப் போவேன். புதன்கிழமை நீங்கள் போக வேண்டும். வாரத்துக்கு ஒருநாள் உங்களுக்கு ஓய்வு உண்டென்று எனக்குத் தெரியும். நீங்கள் செய்து கொடுத்த அப்பா, பாதிப் பங்கு உங்களுடையது. வீட்டுக்கு வராதீர்கள். நானாகச் சொல்லும் வரை வேண்டாம். எனக்கு எழுத வேண்டியது ஒன்றே ஒன்று, அவர் எப்படி இருக்கிறார் என்பது.


மார்ச் 12

உனக்கு,

அவர் எப்படி இருக்கிறார்: நடக்கிறார். கம்பியைப் பிடித்துக்கொண்டு எட்டு அடி. கூட நின்று எண்ணினேன். எட்டுதான்.

நேற்று காலை பஸ்ஸில் இறங்கிப் போனேன். நாலு கட்டில் அறை. மற்ற மூவருக்கும் காது கேட்காது, அதனால் ரேடியோ இடிபோல் முழங்குகிறது. மச்சான் என்னைப் பார்த்ததும் முகத்தைத் திருப்பவில்லை. திட்டவும் இல்லை. 'வா, உக்காரு' என்றார், நேற்றுத்தான் பார்த்ததைப் போல. நான் தயாரித்துக்கொண்டு போன வசவுகள் ஒரு லாரி இருக்கும். (இதை அடிக்கவில்லை. ஒரு லாரி உண்மையிலேயே இருந்தது.)

 அவரால் குனிய முடியாததால் கால் நகங்கள் வளர்ந்து கட்டில் துணியைக் கிழித்துக்கொண்டிருந்தன. நர்ஸிடம் நகவெட்டி வாங்கி வெட்டிவிட்டேன். இருபத்திரண்டு வருஷமாக அந்தக் காலை வாரிவிட வேண்டும் என்று நினைத்தவன், அதை மடியில் வைத்து, சுண்டுவிரல் வரை பார்த்துப் பார்த்து வெட்டினேன். தோல் காகிதம் மாதிரி இருக்கிறது.

வெட்டிக்கொண்டிருக்கும்போது அவர் கேட்டார், 'அந்த வரிசையில யாரு நின்னது, நீயா?'

யாரும் நிற்கவில்லை என்றேன்.

கொஞ்ச நேரம் ரேடியோவைக் கேட்டார். அப்புறம் சொன்னார்: 'அவ வந்து சொன்னாளே அன்னைக்கு, அவ முகத்தைப் பார்த்தியா நீ? என்னை யாரும் அப்படிப் பார்த்ததில்லை. இல்லைன்னு சொல்ல வாய் வரலை.'

நகவெட்டி என் கையிலேயே நின்றுவிட்டது. ஏனென்றால் உன் ஒன்பதாவது பிறந்தநாளன்று நீ கதவைத் திறந்தபோது எனக்கும் அதுதான் நடந்தது. அந்த மனுஷனுக்கும் எனக்கும் ஒட்டும் இல்லை, உறவும் இல்லை என்று ஊரெல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்தவன் நான்.

நீ கேட்டது அவர் எப்படி இருக்கிறார் என்பதை மட்டும். இதை எழுதாமல் விட்டுவிடலாம் என்று திரும்பி வரும் பஸ்ஸில் முடிவு செய்திருந்தேன். எழுதினால் நீ அவர் மேல் இரக்கப்பட்டு வீட்டுக்குக் கூட்டிப்போய்விடுவாய் என்று பயம். பொய்யாகவும் இருக்கலாம், அந்த ஆள் எதைச் சொல்வார், எதைச் சொல்ல மாட்டார் என்று எனக்குத் தெரியாது. மதகு அறைக்கு வந்து அளவைக் குறித்துவிட்டு உட்கார்ந்தபோதுதான் உறைத்தது. உனக்கு எந்த அப்பா வேண்டும் என்று மறுபடியும் நானே முடிவு செய்துகொண்டிருக்கிறேன்.

அதனால் அவர் சொன்னதை ஒரு சொல் கூட்டாமல், ஒரு சொல் குறைக்காமல் எழுதிவிட்டேன். நம்புவதும் விடுவதும் உன் பாடு. நான் எதுவும் சொல்வதற்கில்லை.

மாமா